பழைய கார்ட்டூன்ல சத்தம் வந்த கதை, கேளுங்க சொல்றேன்

கேள்வி: அண்ணே, சத்தத்தோட வந்த முதல் கார்ட்டூன் மிக்கி மவுஸோட ஸ்டீம்போட் வில்லி தானே?

பதில்: அப்படித்தான் ஊரே சொல்லுது, ஆனா இல்லப்பா. மேக்ஸ் ஃப்ளெய்ஷர்னு ஒரு கார்ட்டூன்காரர் 1924லயே லீ டி ஃபாரஸ்டோட ஃபோனோஃபிலிம் முறைல, அதாவது ஃபிலிம்லயே சத்தத்தைப் பதியற முறைல, பாட்டு கார்ட்டூன் பண்ண ஆரம்பிச்சுட்டாரு, திரைல பாட்டு வரி மேல ஒரு பந்து குதிச்சு குதிச்சு போகும், தியேட்டர்ல இருக்கறவங்க கூடவே பாடணும். பால் டெர்ரியோட டின்னர் டைம்ங்கற கார்ட்டூனும் ஸ்டீம்போட் வில்லிக்கு முன்னாடிதான்.

கேள்வி: அப்புறம் ஏன் பேரெல்லாம் டிஸ்னிக்கே போச்சு?

பதில்: டின்னர் டைம் பாத்தா தெரியும், படம் ஒரு பக்கம் போகும் சத்தம் ஒரு பக்கம் போகும். வில்லில ஆட்டு வாலைப் பிடிச்சு சுத்தினா அது வாயில இருந்து பாட்டு வருது, மாட்டுப் பல்லைத் தட்டி மிக்கி வாசிக்கிறான், அதாவது சத்தத்தை எடுத்துட்டா ஜோக்கே இல்ல. 1928 நவம்பர் 18, நியூயார்க் காலனி தியேட்டர்ல ஜனம் அதுக்குத்தான் மயங்குச்சு.

கேள்வி: கம்ப்யூட்டர் இல்லாத காலத்துல படத்தையும் சத்தத்தையும் எப்படி சிங்க் பண்ணாங்க சார்?

பதில்: இதான் எனக்குப் பிடிச்ச கேள்வி. எல்லாம் கணக்குதாங்க. வினாடிக்கு 24 ஃபிரேம், அதாவது 24 படம், 12 ஃபிரேமுக்கு ஒரு தாளத் தட்டுன்னு வச்சா நிமிஷத்துக்கு 120 தட்டு, அப்போ மிக்கியோட கால் எந்த ஃபிரேம்ல தரையைத் தொடணும்னு வரையறதுக்கு முன்னாடியே தெரிஞ்சுடும். டிஸ்னிகிட்ட வேலை பாத்த வில்ஃப்ரெட் ஜாக்சன்னு ஒரு பையன், அவங்க அம்மா பியானோ டீச்சர், வீட்டுல இருந்த மெட்ரோனோமை, அதான் சீரா தாளம் தட்டற கருவியை, கொண்டு வந்து இந்த வழியைக் காட்டினான். ஆனாலும் நியூயார்க்ல முதல் ரெக்கார்டிங் சொதப்பல், இசைக்குழு படத்தோட ஓட முடியல. வால்ட் டிஸ்னி காரை வித்து பணம் புரட்டி மறுபடி எடுத்தாரு, இந்தத் தடவை தாளத்தைக் காட்ட ஃபிலிம்லயே குறி போட்டு ஓட்டினாங்க, அதைப் பாத்து இசைக்குழுவை நடத்தறவரு கை அசைச்சாரு.

கேள்வி: மிக்கி முதல்ல என்ன பேசுச்சு?

பதில்: "ஹாட் டாக்ஸ்!" 1929, த கார்னிவல் கிட். வில்லில வெறும் கீச்சும் விசிலும்தான்.

கேள்வி: ஃபெலிக்ஸ் பூனை ஏன் காணாமப் போச்சு ப்ரோ?

பதில்: அதோட முதலாளி பேட் சல்லிவன் சத்தத்துக்கு மாற ரொம்ப யோசிச்சாரு. கடைசில ஏற்கெனவே முடிஞ்ச ஊமைப் படங்க மேலேயே சத்தத்தை ஒட்டினாங்க, செட்டே ஆகல.

கேள்வி: கார்ட்டூன் மாலுமி பாப்பை வாய் அசையாமலே முணுமுணுக்கறாரே, அது தப்பா?

பதில்: தப்பில்லப்பா, பாப்பை படம் எடுத்த ஃப்ளெய்ஷர் ஆளுங்க படம் வரைஞ்சு முடிச்சப்புறம்தான் குரல் பதிவு பண்ணுவாங்க, அப்போ மைக் முன்னாடி வாய்க்கு வந்ததை எடுத்து விடுவாங்க.