அகிரா இஃபுகுபேயின் திரையிசை: கேள்வி பதில்

கேள்வி: ஜப்பானியத் திரையிசையமைப்பாளரான இவர் எந்த இசைக் கல்லூரியில் பயின்றார்?

எதிலும் இல்லை. 1914-இல் ஹொக்கைடோத் தீவின் குஷிரோ நகரில் பிறந்து, ஐனு பழங்குடி மக்களின் பாட்டையும் ஆட்டத்தையும் சிறுவயதிலேயே அருகிருந்து கேட்டு வளர்ந்தவர், பல்கலைக்கழகத்தில் படித்தது வனவியல். அவருடைய 'ஜப்பானிய ராப்சோடி' என்னும் இசைப்படைப்பு, 1935-இல் ரஷ்ய இசையமைப்பாளர் அலெக்சாண்டர் செரெப்னின் நடத்திய போட்டியில் முதற்பரிசு பெற்ற பிறகும் அவர் வன அலுவலராகத்தான் வேலை பார்த்தார். போர்க்காலத்தில் மரங்களைப் பற்றிய ஆய்வில் தக்க காப்பின்றி எக்ஸ்ரே கதிர்களுக்கு ஆளாகி உடல் நலிந்தபோதுதான் அந்த வேலை கைவிட்டுப் போனது. 1947-இல் முதல் படம். அதன் பின் இருநூற்றைம்பதுக்கும் மேல்.

கேள்வி: இவர் இசையமைத்த 'கொட்ஸில்லா' படத்தில் வரும் ராட்சத மிருகமான கொட்ஸில்லாவின் உறுமல் எந்த விலங்கின் குரல்?

விலங்குக் குரலே அன்று. டபுள் பாஸ் கருவியின் தந்தியைத் தளர்த்தி, பிசின் தடவிய தோல் கையுறையால் அதை அழுந்த உருவி, பதிவான ஒலியை வேகம் குறைத்து ஓடவிட்டார்கள்.

கேள்வி: 'ஏழு சாமுராய்' படத்துக்கு இவர் இசைதானே?

இல்லை, அது ஃபுமியோ ஹயசகா. இருவரும் இளமையிலிருந்தே நண்பர்கள். அதே 1954-இல், அதே டோஹோ திரைப்பட நிறுவனத்துக்காக, இவர் 'கொட்ஸில்லா'வுக்கு இசையமைத்தார். மறு ஆண்டே ஹயசகா மறைந்தார்.

கேள்வி: உறுமலுக்குச் சிங்கத்தைப் பதிவு செய்தார்களாமே?

கையுறை, தந்தி. மேலே பார்க்கவும்.

கேள்வி: 'கொட்ஸில்லா'வின் தொடக்கத்தில் வரும் புகழ்பெற்ற மெட்டு அந்த மிருகத்தின் வருகையைக் குறிக்கிறது அல்லவா?

குறிக்கவில்லை. 'க ரி ச' என்று மூன்று சுரங்கள் மீண்டும் மீண்டும் இறங்கி, நான்கும் ஐந்துமாக எண்ணிக்கை மாறி ஓடும் அந்த மெட்டு, 1954 படத்தில் மிருகத்தை எதிர்த்து நிற்கும் தற்காப்புப் படையோடுதான் சேர்ந்து வருகிறது. மெட்டுகளைத் தொகுப்புத் தட்டில் கேட்டுவிட்டுப் பொருள் சொல்லாதீர்கள், காட்சியோடு கேளுங்கள் என்று நான் சலிக்காமல் சொல்வது இதனால்தான்.

கேள்வி: ஏற்க முடியவில்லை. பிற்காலப் படங்களில் கொட்ஸில்லா வரும்போதெல்லாம் அதே மெட்டு ஒலிக்கிறதே?

பிற்காலப் படங்களைப் பொறுத்தவரை நீங்கள் சொல்வது சரி. 1975-இல் வந்த 'மெக்காகொட்ஸில்லாவின் பயங்கரம்' படத்தில் இஃபுகுபேயே அதைக் கொட்ஸில்லாவுக்குக் கொடுத்தார். ஆனால் இருபத்தோராண்டு கழித்துச் சூட்டிய பெயரைப் பிறந்த நாளிலேயே வைத்ததாகச் சொல்லலாகாது. முதற்படத்தில் மிருகத்துக்கென ஒலிப்பது தாழ்ந்த பித்தளைக் குழல்களின் கனத்த, மெதுவான முழக்கம். இரண்டையும் அடுத்தடுத்துக் கேட்டால், ஒன்று விரைந்து எதிர்க்கச் செல்வதும் மற்றது நிதானமாக நடந்து வருவதும் காதுக்கே விளங்கும்.

கேள்வி: இன்னொரு ஜப்பானிய இசையமைப்பாளரான ஜோ ஹிசைஷியைப் பற்றியும் எழுதுவீர்களா?

அவரை அறிந்தவர்களிடம் கேளுங்கள்.

கேள்வி: புதிதாகக் கேட்பவர் எங்கிருந்து தொடங்கலாம்?

'கொட்ஸில்லா'வில் டோக்கியோ அழிந்த பின், பள்ளி மாணவிகள் கூடி அமைதி வேண்டிப் பாடும் பாட்டிலிருந்து. காட்சியோடு.