கேளுங்கள் டீச்சர்: "அவர்களே கண்டுபிடிக்கட்டும் என்றால் பாடம் எப்போது முடியும்?"

கேள்வி: வகுப்பில் 42 பிள்ளைகள். பயிற்சிக்குப் போனால் "நீங்கள் பேசாதீர்கள், மாணவர்களே கண்டுபிடிக்கட்டும்" என்கிறார்கள். பள்ளிக்குத் திரும்பினால் "போர்ஷன் எங்கே நிற்கிறது?" என்கிறார் தலைமையாசிரியர். நான் யார் பேச்சைக் கேட்பது?
- அறிவியல் ஆசிரியை, திண்டுக்கல் மாவட்டம்

பதில்: இரண்டு பேரும் பாதிதான் சொல்கிறார்கள் டீச்சர். செடிக்குள் நீரையும் உணவையும் கடத்தும் குழாய்களுக்குச் சைலம், புளோயம் என்ற பெயர்களை எந்தப் பிள்ளையும் தண்டை உற்றுப் பார்த்துக் கண்டுபிடிக்காது, அதைச் சொல்லிக் கொடுத்துவிட வேண்டியதுதான். பருவத்துக்கு இரண்டு மூன்று பாடங்களை மட்டும் பிள்ளைகளே கண்டுபிடிப்பதற்கென்று ஒதுக்குங்கள்.

தனி ஊசலை எடுத்துக்கொள்ளுங்கள், நூலும் கல்லும் போதும். "கனமான கல் வேகமாக ஆடுமா, லேசான கல்லா, இல்லை இரண்டும் ஒன்றா?" என்று கேட்டுவிட்டு, ஆட்டிப் பார்க்கும் முன்னாலேயே எல்லாரையும் பதிலை நோட்டில் எழுதச் சொல்லுங்கள். இதை விட்டுவிட்டால் கடைசியில் "நான் அப்பவே நினைச்சேன் மிஸ்" என்று 42 பேரும் சொல்வார்கள். குழுவுக்கு ஐந்தாறு பேர், ஒருவர் ஆட்ட, ஒருவர் எண்ண, ஒருவர் எழுத. கடிகாரத்துக்கு அலைய வேண்டாம், உங்கள் போனைப் பார்த்து நீங்களே "ஆரம்பி", 30 விநாடி கழித்து "நிறுத்து" என்றால் எல்லாக் குழுவுக்கும் ஒரே நேரம். அடுத்து நூலின் நீளத்தை மாற்றி எண்ணச் சொல்லுங்கள். 25 செ.மீ. ஊசல் அந்த நேரத்தில் ஏறத்தாழ 30 அலைவு (போய்த் திரும்பி வந்தால் ஓர் அலைவு) ஆடும், ஒரு மீட்டர் ஊசல் 15தான். நீளம் நான்கு மடங்கானால் எண்ணிக்கை பாதியாகிறது என்பதை நீங்கள் வாயைத் திறக்காமலே யாராவது ஒரு பிள்ளை சொல்லிவிடும்.

ஆனால் நான் முதல்முறை செய்தபோது அப்படி அழகாகவெல்லாம் நடக்கவில்லை. மூன்று குழுக்கள் "பெரிய கல்லு மெதுவாத்தான் ஆடுது சார்" என்று கணக்கோடு வந்து நின்றன, எனக்கு வியர்த்துவிட்டது. எடைக்கும் இதற்கும் சம்பந்தமில்லை, எழுதிக்கோ என்று முடித்திருப்பேன், நல்லவேளை மணி அடித்துவிட்டது. மறுநாள் ஒரு பெண், "நீளத்தை எங்கேர்ந்து எது வரைக்கும் அளக்கணும் சார்?" என்றாள். அப்புறம்தான் எனக்கே உறைத்தது. எல்லாரும் நூலை முடிச்சு வரைதான் அளந்திருந்தார்கள். பெரிய கல்லின் நடுப்பகுதி இரண்டு மூன்று செ.மீ. கீழே தொங்கியதால் ஊசலே நீண்டுபோயிருந்தது, மெதுவாக ஆடியதில் ஆச்சரியமே இல்லை. கல்லின் நடுப்பகுதி வரை அளந்து மறுபடி செய்தார்கள், சரியாக வந்தது. இரண்டு பீரியட் போயிற்று, உண்மைதான். அடுத்த வாரம் ஒரு பாடத்தை வேகமாக வாசித்து முடித்து ஈடுகட்டினேன்.

இந்த வகுப்பில் ஆசிரியருக்கு வேலை குறையும் என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். எந்தக் கேள்வியைப் போடுவது, எப்போது உள்ளே நுழைவது, எப்போது கையைக் கட்டிக்கொண்டு நிற்பது என்பதிலேயே தாவு தீர்ந்துவிடும். கேள்வி கேட்டதும் ஆசிரியர்கள் சராசரியாக ஒரு விநாடிதான் காத்திருக்கிறார்கள், அதை மூன்று விநாடிக்கு மேல் நீட்டினால் பதில்கள் நீளமாகின்றன, பேசாத பிள்ளைகளும் வாய் திறக்கிறார்கள் என்று அமெரிக்க ஆய்வாளர் மேரி பட் ரோ 1970களிலேயே எழுதினார். மூன்று விநாடி என்ன பெரிது என்று தோன்றும். நின்று பாருங்கள், யுகமாக இருக்கும்.

கேள்வி: முன்பு செயல்வழிக் கற்றல் என்று அட்டையும் பாயுமாக வந்ததே, அதுவும் பிள்ளைகளே கண்டுபிடிக்கும் இந்த முறையும் ஒன்றா?
- பெற்றோர், கடலூர்

பதில்: இல்லை. அது 2003ல் சென்னை மாநகராட்சிப் பள்ளிகளில் ஆரம்பித்து, 2007 வாக்கில் மாநிலம் முழுக்கப் போனது. ஆந்திராவின் ரிஷிவேலி பள்ளி முறையைப் பார்த்து வந்தது. பாட அட்டைகளை ஏணிப்படி போல வரிசைப்படுத்தியிருப்பார்கள், பிள்ளை தன் வேகத்தில் அடுத்த அட்டைக்கு ஏறலாம், கைக்கெட்டும் உயரத்தில் தனக்கென்று கரும்பலகையும் உண்டு. மாணவரை மையத்தில் வைத்த முறைதான், சந்தேகமில்லை. ஆனால் அடுத்து என்ன செய்வது என்பதை அட்டை தீர்மானித்தது, பிள்ளையின் கேள்வி அல்ல. என் கணக்கில் இரண்டுக்கும் அதுதான் வித்தியாசம்.

கேள்வி: பிள்ளைகள் எனக்கே தெரியாததைக் கேட்டால்? மானம் போகுமே!
- பெயர் வேண்டாம், தஞ்சாவூர்

பதில்: போகாது, சார். மத்தியப் பிரதேசத்தின் ஹோஷங்காபாத் மாவட்டத்தில் 1972ல் 16 நடுநிலைப் பள்ளிகளில் ஓர் அறிவியல் திட்டம் தொடங்கியது. பிள்ளைகள் சோதனை செய்து தாங்களே விடை எழுத வேண்டும், தேர்வுக்குப் புத்தகத்தைத் திறந்து வைத்துக்கொள்ளலாம். அங்கே சவாலிராம் என்று ஒரு கற்பனை மனிதரை உருவாக்கி வைத்திருந்தார்கள். தோன்றிய கேள்வியையெல்லாம் பிள்ளைகள் அவருக்குக் கடிதமாக எழுதலாம், பதில் வரும். 2002ல் அரசு அந்தத் திட்டத்தை நிறுத்திவிட்டது, அது தனி வருத்தம்.

நீங்களும் வகுப்பில் ஒரு பழைய அட்டைப்பெட்டியை வையுங்கள். "தெரியல, பெட்டியில போடு, வெள்ளிக்கிழமை பார்ப்போம்" என்று சொல்லுங்கள். வெள்ளிக்கிழமை மறக்காமல் திறங்கள். இரண்டு வாரம் திறக்காமல் விட்டால் மூன்றாவது வாரம் அதில் மிட்டாய்க் காகிதம்தான் இருக்கும்.