ஏயும் பியும் பெற்றோர், பிள்ளை மட்டும் ஓ: வாசகர் கேள்விகள்

இந்தமுறை வந்த கேள்விகளில் முக்கால்வாசி இரத்தமும் கலியாணமும்தான். அவற்றையே முதலில் எடுக்கிறேன்.

எனக்கு ஏ பொசிட்டிவ், மனைவிக்கு பி பொசிட்டிவ். டெங்கு என்று மகனை வாட்டில் வைத்திருந்தபோது ஓ நெகட்டிவ் என்றார்கள். அன்றிலிருந்து என் அம்மா மருமகளை ஒரு மாதிரிப் பார்க்கிறா. இப்படி நடக்குமா? (வெள்ளவத்தை)

தாராளமாக நடக்கும். ஏ, பி, ஓ வகையைத் தீர்மானிக்கும் பரம்பரை அலகு 9ஆவது நிறமூர்த்தத்தில் (குரோமோசோமில்) இருக்கிறது. தாயிடமிருந்து ஒன்று, தந்தையிடமிருந்து ஒன்று என்று அதில் இரண்டு பிரதிகள் நமக்கு உண்டு. இரண்டும் ஒரே வடிவமாக இருக்கவேண்டியதில்லை. இந்த வடிவங்களைத்தான் பாடப்புத்தகம் எதிருரு என்கிறது. ஏ எதிருரு செங்குழியத்தின் மேல் ஒரு வகை வெல்லத்தை ஒட்டும் நொதியத்தை (என்சைமை) செய்கிறது, பி எதிருரு வேறொரு வகையை ஒட்டுவதை. ஓ எதிருருவோ வேலைசெய்யும் நொதியம் எதையும் செய்வதில்லை. அதனால் ஏயும் ஓவும் சேர்ந்து உள்ளவருக்குப் பரிசோதனையில் ஏ என்று மட்டும்தான் வரும்.

நீங்கள் இருவரும் ஆளுக்கொரு ஓவை இப்படி வைத்திருக்கிறீர்கள். ஆகவே ஒவ்வொரு பிள்ளையும் ஓவாகப் பிறக்க 4இல் 1 வாய்ப்பு. நெகட்டிவ் கதையும் இதேதான், ஆனால் அது 1ஆவது நிறமூர்த்தத்தில், தனிக்கணக்கு. இரண்டும் ஒரே பிள்ளையில் சேர 16இல் 1. அரிதுதான், அதிசயம் ஒன்றுமில்லை. இந்தப் பதிலை அம்மாவுக்கு வாசித்துக் காட்டுங்கள். மகனுக்கு நெகட்டிவ் ஓ இரத்தம் மட்டுமே ஏற்றலாம் என்பதால் அந்த அறிக்கையைப் பத்திரமாக வையுங்கள்.

நிச்சயம் செய்ய இருக்கும் பெண், பையன் இருவரும் தலசீமியா காவிகள். 4 பிள்ளைகளில் ஒன்றுக்குத்தான் வருமாம், 2 பிள்ளையோடு நிறுத்தினால் சரிதானே? (கொட்டாஞ்சேனை)

சரியில்லை. தலசீமியா என்பது செங்குழியத்தில் ஒட்சிசனைச் சுமக்கும் ஹீமோகுளோபின் சரியாக உருவாகாத பரம்பரை நோய். காவி என்றால் அதன் கெட்ட பிரதி ஒன்றை மட்டும் வைத்திருப்பவர். முதல் பிள்ளைக்கே வரலாம், இரண்டுக்குமே வரலாம். ஒவ்வொரு கர்ப்பத்திலும் சீட்டு புதிதாகக் குலுக்கப்படுகிறது, பழைய முடிவு எதுவும் கணக்கில் வராது. நோய் வர 25 வீதம், பெற்றோரைப் போலக் காவியாக 50 வீதம், இரண்டு நல்ல பிரதிகளும் கிடைக்க 25 வீதம்.

காவிக்கு நோய் இல்லை. செங்குழியங்கள் கொஞ்சம் சிறிதாக இருக்கும், அவ்வளவுதான். பல காவிகளுக்கு இதை இரும்புச்சத்துக் குறைபாடு என்று நினைத்து மாதக்கணக்கில் குளிசை கொடுத்துவிடுகிறார்கள். ஆனால் கெட்ட பிரதி இரண்டும் ஒரே பிள்ளையிடம் சேர்ந்தால், ஆயுள் முழுக்க சில வாரங்களுக்கு ஒருமுறை இரத்தம் ஏற்றவேண்டும். அந்த இரத்தத்தோடு உடலில் சேரும் இரும்பை அகற்றத் தனி மருந்தும் வேண்டும். குருநாகல் தலசீமியா பிரிவுக்கு ஒருமுறை போனால் இது என்ன மாதிரி வாழ்க்கை என்று தெரியும்.

இன்னொன்றையும் கவனியுங்கள். ஒருவர் பீற்றா தலசீமியா காவி, மற்றவர் ஹீமோகுளோபின் ஈ (ஹீமோகுளோபினின் மாறிய வடிவம் ஒன்று) காவி என்றாலும் ஆபத்து உண்டு. பெயர் வேறுதானே என்று விட்டுவிடக்கூடாது.

கலியாணத்தை நிறுத்தச் சொல்ல நான் யார்? ஆனால் தாயின் உயிரைக் காப்பாற்ற அன்றி வேறு காரணத்துக்காகக் கருக்கலைப்பு செய்ய இலங்கைச் சட்டம் இடம் தருவதில்லை. ஆகவே யோசிக்க வேண்டிய நேரம் கர்ப்பமான பிறகல்ல, இப்போதுதான். இரண்டு குடும்பத்துப் பெரியவர்களும் இல்லாமல், பெண்ணும் பையனும் மட்டும் ஒரு மருத்துவரிடம் போய்ப் பேசட்டும். பத்துப் பொருத்தமும் பார்க்கிற நாம் ஓர் இரத்தப் பரிசோதனைக்கு ஏன் இவ்வளவு தயங்குகிறோமோ தெரியவில்லை.

சொந்த மச்சாளைக் கட்டினால் பிள்ளை ஊனமாகப் பிறக்குமா? (வத்தளை)

பெரும்பாலும் இல்லை. எந்தத் தம்பதிக்கும் பிறவிக் குறைபாட்டு வாய்ப்பு 2, 3 வீதம் உண்டு. மச்சான், மச்சாள் கட்டினால் அது ஏறக்குறைய இரட்டிப்பாகும். ஒரே தாத்தாவிடமிருந்து வந்த மறைந்த பிரதி இரு பக்கத்திலும் இருக்கலாம் என்பதே காரணம். குடும்பத்தில் ஏற்கனவே ஒரு பரம்பரை நோய் இருந்தால் கணக்கே வேறு, அப்போது கட்டாயம் ஆலோசனை பெறுங்கள்.

ஆட்சியான எதிருரு பின்னிடைவானதை எப்படி அடக்குகிறது? சேர் சொல்லவில்லை. (பம்பலப்பிட்டி, உயர்தரம்)

அநேகமாக அடக்குவதே இல்லை, தம்பி. ஒரு பிரதி இருந்தாலே வெளியே தெரிவது ஆட்சி, இரண்டு பிரதியும் அதுவாக இருந்தால்தான் தெரிவது பின்னிடைவு, அவ்வளவுதான். பரம்பரை விதிகளை முதலில் கண்ட மெண்டலின் பட்டாணியையே எடுத்துக்கொள். அவர் எண்ணியதில் 5,474 உருண்டை, 1,850 சுருங்கியவை. சுருக்கத்தின் காரணம் 1990இல்தான் தெளிவானது. மாப்பொருளைக் கிளைவிடச் செய்யும் நொதியத்தின் அலகுக்குள் வேறொரு டிஎன்ஏ துண்டு புகுந்து அதைக் கெடுத்திருந்தது. நொதியம் இல்லாவிட்டால் மாப்பொருள் குறையும், வெல்லம் கூடும், வெல்லம் நீரை இழுக்கும். விதை ஊதும், பிறகு காயும்போது தோல் சுருங்கும். ஒரே ஒரு நல்ல பிரதி இருந்தாலே தேவையான அளவு நொதியம் கிடைத்து விதை உருண்டையாகிவிடும். கெட்ட பிரதியை யாரும் அமுக்கவில்லை, அது சும்மா இருக்கிறது. வேடிக்கை என்னவென்றால், அந்த உருண்டை விதையின் மாப்பொருள் மணிகளை நுணுக்குக்காட்டியில் பார்த்தால் அவை இரண்டு நல்ல பிரதி உள்ள விதையின் மணிகளுக்கும் சுருங்கிய விதையின் மணிகளுக்கும் இடைப்பட்ட வடிவில் இருக்கும். வெளியே ஆட்சி, உள்ளே பாதிக்குப் பாதி! பரீட்சையில் இதை எழுதிப் புள்ளியை இழக்காதே, புத்தகத்தில் உள்ளதையே எழுது.

எங்கள் இருவருக்கும் நாக்கை உருட்ட வராது, மகளுக்கு வருகிறது. அது ஒற்றை அலகால் வரும் ஆட்சி இயல்பு என்கிறார்களே, இது எப்படி? (தெஹிவளை)

வரட்டுமே. உருவொத்த இரட்டையர்களிலேயே ஒருவருக்கு வந்து மற்றவருக்கு வராததை 1952இலேயே கண்டுவிட்டார்கள். இதை ஒற்றை அலகின் வேலை என்று சொல்ல முடியாது.

கர்ப்பத்தில் குங்குமப்பூப் பால் குடித்தால் பிள்ளை வெள்ளையாகுமா? (மருதானை)

ஆகாது. தோல் நிறத்தில் பல அலகுகளுக்குப் பங்கு உண்டு, அவை கருத்தரிக்கும்போதே முடிவாகிவிடும். பால் நல்லது, குடியுங்கள். குங்குமப்பூ விற்கிற விலைக்கு நல்ல மீன் வாங்கலாம்.