ஒயர் எட்டுகிற தூரம்

கேள்வி: நான் ஓவியக் கல்லூரியில் படித்தவள். ஆவணப்படம் எடுக்க ஆசை. இரண்டு வயதுக் குழந்தையை விட்டுவிட்டு எங்கும் போக முடியவில்லை. கையில் இருப்பது போன் கேமராதான். ‘ஓவியமா படமா, ஏதாவது ஒன்றைப் பிடித்துக்கொள்’ என்கிறார் கணவர். குழந்தை பள்ளிக்குப் போகும்வரை பொறுத்திருக்கட்டுமா?
– பெயர் வேண்டாம், ஓசூர்.

பதில்: வேண்டாம் சகோதரி. எல்.கே.ஜி.யில் சேர்த்தால் நேரம் கிடைக்கும் என்பவர்கள் எல்.கே.ஜி. பிள்ளைக்கு ஹோம்வொர்க் சொல்லிக்கொடுத்திருக்க மாட்டார்கள்.

பிரெஞ்சு இயக்குநர் ஆன்யெஸ் வர்தாவுக்கும் இதே சிக்கல் வந்தது. 1972-ல் மகன் பிறந்தான். வெளியூர்ப் படப்பிடிப்புக்குப் போக வழியில்லை. பாரீஸில் அவர் வீடு இருந்தது தாகெர் தெருவில். வீட்டு மீட்டரிலிருந்து நீளமான ஒயர் இழுத்து, அது எட்டுகிற தூரத்துக்குள் இருந்த கடைகளை மட்டும் படம்பிடித்தார். கடைக்காரர்களுக்குக் கரன்ட் செலவும் இல்லை. ரொட்டிக்கடை, கறிக்கடை, தையற்கடை, சென்ட் விற்கும் ஒரு வயதான தம்பதி. ‘தாகெரியோதீப்’ என்ற முழுநீள ஆவணப்படம் அப்படி வந்ததுதான்.

அதில் அவசரமே கிடையாது. கறி வாங்க வந்தவர் வாங்கி முடிக்கும்வரை கேமரா காத்திருக்கும். கடைக்காரர்களிடம் ‘தூக்கத்தில் என்ன கனவு வரும்?’ என்று கேட்கிறார் வர்தா. சென்ட் கடைப் பாட்டிக்கு ஞாபகம் தடுமாறுகிறது. சாயங்காலமானால் வெளியே போக வேண்டும் என்று வாசல்பக்கம் வந்து நிற்கிறார். நாலு நாள் தங்கிவிட்டுப் போகிற வெளியூர்க் குழுவின் கண்ணில் இது பட்டிருக்குமா? அந்தத் தெருவிலேயே பல வருடம் சாமான் வாங்கியவர் கண்ணில் பட்டது.

ஒன்று சொல்லியாக வேண்டும். அவருக்கு ஜெர்மன் தொலைக்காட்சியின் பணம் இருந்தது, ஒளிப்பதிவுக்கு நூரித் அவீவ் இருந்தார். உங்களுக்கு இரண்டும் இல்லை. அதனால் தெருவெல்லாம் வேண்டாம், ஒரே ஒரு கடை போதும். நீங்கள் தினமும் பால் வாங்கும் கடையாகவே இருக்கட்டும். முதலில் அனுமதி கேளுங்கள். கொஞ்ச நாள் கேமரா இல்லாமல் போய் உட்காருங்கள். எந்த நேரத்துக்கு எங்கே வெயில் விழுகிறது, யார் கடன் சொல்கிறார் என்று நோட்டில் வரைந்து வையுங்கள். ஓவியம் படித்தவருக்கு இது கைவந்த வேலை.

கணவரின் கேள்விக்கும் வர்தாவிடமே பதில் இருக்கிறது. புகைப்படக்காரராகத் தொடங்கியவர் அவர். 2000-ல் வந்த இன்னொரு ஆவணப்படத்துக்காகச் சின்ன டிஜிட்டல் கேமராவோடு வயல்வயலாக அலைந்தபோது, விற்காது என்று கொட்டப்பட்ட உருளைக்கிழங்குகளில் இதய வடிவத்தில் சில கிடைத்தன. வீட்டுக்கு எடுத்துவந்து, முளைவிட்டுச் சுருங்கும்வரை வைத்திருந்தார். 2003-ல் வெனிஸ் பியன்னாலே என்ற சர்வதேசக் கலைக் கண்காட்சியில் மூன்று திரைகளில் அந்தக் கிழங்குகளின் படத்தை ஓடவிட்டு, கீழே நிஜக் கிழங்குகளைக் குவித்தார். அப்போது வயது 75. ஓவியமா படமா என்று அவரிடம் யாரும் கேட்டதாகத் தெரியவில்லை.

அப்புறம், புதுப் போன் வாங்காதீர்கள். காசு இருந்தால் சட்டையில் குத்தும் மைக் ஒன்று வாங்குங்கள். படம் கொஞ்சம் மங்கினால் பார்த்துவிடுவார்கள், பேச்சு கேட்காவிட்டால் எழுந்துபோய்விடுவார்கள். குழந்தை அழுகிற சத்தம் எங்காவது விழுந்தால் இருந்துவிட்டுப் போகட்டும்.