பிராசிக்யூட்டராக இருந்தவர் ஃபெடரல் நீதிபதியானால் போலீஸ் பக்கம்தானே சாய்வார்?

கேள்வியில் இரண்டு விஷயம் இருக்கிறது. அமெரிக்காவில் ஒரு பிராசிக்யூட்டர் (அரசுத் தரப்பில் கிரிமினல் கேஸ் நடத்தும் வக்கீல்) ஃபெடரல் நீதிபதி, அதாவது மத்திய அரசு கோர்ட்டின் நீதிபதி, ஆவது எப்படி என்பது ஒன்று, ஆன பிறகு பழைய பாசம் விட்டுப்போகுமா என்பது இன்னொன்று.

முதலாவதற்குப் பதில் சின்னது, கொஞ்சம் ஏமாற்றமாகக்கூட இருக்கும். பரீட்சை கிடையாது, சீனியாரிட்டி கிடையாது. ஜனாதிபதி ஒரு பெயரைச் சொல்லவேண்டும், செனட் ஒப்புக்கொள்ளவேண்டும், அவ்வளவுதான். நீதிபதி சட்டம் படித்திருக்கவேண்டும் என்றுகூட அவர்கள் அரசியல் சாசனத்தில் எழுதி வைக்கவில்லை (படிக்காதவரை இன்று யாரும் போடமாட்டார்கள், அது வேறு). உட்கார்ந்துவிட்டால் ஆயுள் முழுக்க உட்காரலாம். அதனால் கோர்ட்டில் எத்தனை கேஸ் ஜெயித்தீர்கள் என்பதைவிட, உங்கள் மாநில செனட்டர் காதில் உங்கள் பெயர் விழுந்ததா என்பதுதான் பல சமயம் தீர்மானிக்கிறது.

உச்ச நீதிமன்ற நீதிபதி சோனியா சோட்டோமேயரையே எடுத்துக்கொள்ளுங்கள். 1979-ல் யேல் சட்டக் கல்லூரியை முடித்த கையோடு நியூயார்க்கின் மன்ஹாட்டன் மாவட்ட அட்டர்னி (உள்ளூர் தலைமை அரசு வக்கீல்) ராபர்ட் மார்கெந்தாவ் அலுவலகத்தில் சேர்ந்தார். இது ஃபெடரல் வேலை இல்லை, உள்ளூர் கிரிமினல் கேஸ் நடத்துகிற வேலை. கடைத் திருட்டு, சில்லறை அடிதடி என்று ஆரம்பித்து கொலை கேஸ் வரைக்கும் போனார். கயிற்றில் தொங்கி ஜன்னல் வழியாக வீடுகளுக்குள் புகுந்து சுட்டவனைப் பத்திரிகைகள் 'டார்சன் கொலைகாரன்' என்று எழுதின, 1983-ல் அந்தக் கேஸை நடத்தியவர்களில் இவரும் ஒருவர். அடுத்த வருடம் வேலையை விட்டுவிட்டுத் தனியார் சட்ட நிறுவனம் ஒன்றுக்குப் போய்விட்டார். நீதிபதி பதவி வந்தது அங்கிருந்துதான், அதுவும் வினோதமான வழியில். அப்போது ஜனாதிபதி குடியரசுக் கட்சியின் சீனியர் புஷ், இவர் பெயரைச் சிபாரிசு செய்ததோ ஜனநாயகக் கட்சி செனட்டர் மொய்னிஹன். நியூயார்க்கின் இரண்டு செனட்டர்களும் வேறு வேறு கட்சி என்பதால், யார் கட்சி ஆட்சியில் இருந்தாலும் மற்றவருக்கும் சில இடங்கள் என்று அவர்களுக்குள் ஓர் ஒப்பந்தம் இருந்தது. 1991 நவம்பரில் பெயர் போனது, 1992 ஆகஸ்டில் ஒரு எதிர்ப்பும் இல்லாமல் செனட் ஒப்புக்கொண்டது. 1998-ல் அப்பீல் கோர்ட்டுக்குப் போனபோது செனட் ஓட்டு 67-29. 2009-ல் உச்ச நீதிமன்றத்துக்கு 68-31. ஆள் அதே ஆள்தான், மேலே போகப்போக அரசியல் எப்படிக் கூடுகிறது பாருங்கள்.

சரி, சாய்வு விஷயத்துக்கு வருவோம்.

அதே உச்ச நீதிமன்றத்தில் சாமுவேல் அலிட்டோவும் இருக்கிறார். அவரும் பழைய பிராசிக்யூட்டர், 1987 முதல் 1990 வரை நியூ ஜெர்சியின் ஃபெடரல் அட்டர்னி, அதாவது அந்த மாநிலத்தில் மத்திய அரசின் தலைமை வக்கீல். தொழில் புத்திதான் தீர்ப்பைத் தீர்மானிக்கிறது என்றால் கிரிமினல் வழக்குகளில் இவர்கள் இரண்டு பேரும் எப்போதும் ஒரே பக்கம் நிற்கவேண்டும், இல்லையா?

2011-ல் வட கரோலினாவிலிருந்து ஒரு வழக்கு வந்தது. ஏழாம் வகுப்புப் பையன், வயது 13. வீடு புகுந்து திருடினான் என்று சந்தேகம். சீருடை போட்ட போலீஸ்காரர் வகுப்பிலிருந்து கூட்டிக்கொண்டு போய், கதவை மூடிய ஒரு அறையில் உட்காரவைக்க, துப்பறிவாளரும் பள்ளிக்கூட ஆட்களும் சுற்றி உட்கார்ந்து அரை மணி நேரத்துக்கு மேல் விசாரிக்கிறார்கள். பேசாமல் இருக்க உனக்கு உரிமை உண்டு என்று யாரும் சொல்லவில்லை, அவனை வளர்க்கும் பாட்டிக்கும் சொல்லி அனுப்பவில்லை. அரசுத் தரப்பு வாதம் என்னவென்றால், அவன் கைதாகவில்லை, எழுந்து போக நினைத்திருந்தால் போயிருக்கலாமே! 5-4 என்று தீர்ப்பு பையன் பக்கம் வந்தது. போலீஸ் பிடியில் இருந்தானா என்று பார்க்கும்போது வயதையும் பார்க்கவேண்டும், பெரியவர் எழுந்து போகும் இடத்தில் குழந்தை பயந்து உட்கார்ந்திருக்கும் என்று எழுதியவர் சோட்டோமேயர். எதிர்த்து எழுதியவர் அலிட்டோ.

அதே வருடம், சில மாதங்களுக்கு முன்னால், நேர் எதிரான ஒன்றும் நடந்தது. டெட்ராய்ட்டில் குண்டடிபட்டு பெட்ரோல் பங்கில் கிடந்த ஒருவர் சுட்டவன் யாரென்று போலீசிடம் சொல்லிவிட்டுச் சில மணி நேரத்தில் இறந்துபோகிறார். செத்தவரைக் குறுக்கு விசாரணை செய்ய முடியாதே, அந்த வார்த்தையைச் சாட்சியமாக எடுக்கலாமா? எடுக்கலாம், துப்பாக்கியோடு ஒருவன் வெளியே திரியும்போது போலீஸ் கேட்டது ஆபத்தைச் சமாளிக்கத்தான், கேஸுக்குச் சாட்சி சேர்க்க அல்ல என்று எழுதியதும் சோட்டோமேயர்தான். இந்த முறை அலிட்டோ அவர் கூட. கடுமையாக எதிர்த்தவர் இன்னொரு நீதிபதி ஸ்காலியா. எனக்கு இந்தத் தீர்ப்பில் அவ்வளவு திருப்தி இல்லை, ஆனால் நடுராத்திரி போலீஸ் போனை எடுத்துப் பழகியவரின் யோசனை அதில் தெரிகிறது.

ஆக, இவர்கள் கூடவே கொண்டு வருவது பாசம் இல்லை, ஒரு கேஸை எப்படிக் கட்டுவார்கள் என்ற உள்விவரம். அது யாருக்கு வேண்டுமானாலும் பயன்படும். 2013-ல் டெக்சாஸ் ஃபெடரல் பிராசிக்யூட்டர் ஒருவர், குற்றம் சாட்டப்பட்டவரைப் பார்த்து, கறுப்பினத்தவரும் ஹிஸ்பானியரும் இருக்கிறார்கள், பை நிறையப் பணம் இருக்கிறது, போதை மருந்து வியாபாரம் என்று உறைக்கவில்லையா என்கிற ரீதியில் கேட்டது உச்ச நீதிமன்றத்துக்கு வந்தது. அப்பீலை ஏற்கவில்லை. ஆனாலும் சோட்டோமேயர் தனிக் குறிப்பாகச் சில பக்கங்கள் எழுதி அந்த வக்கீலை வாங்கு வாங்கென்று வாங்கினார். தன் பழைய தொழிலின் மானம் போகிறதே என்ற கோபமாகத்தான் எனக்குப் பட்டது.

இதைச் சின்ன அளவில் நானே பார்த்திருக்கிறேன். சில வருடங்களுக்கு முன் நான்கு நாள் ஜூரியாக உட்கார்ந்தேன், ஏதோ மோசடி கேஸ். வக்கீல்கள் நீதிபதியிடம் ரகசியமாகப் பேசப் போகும்போதெல்லாம் ஸ்பீக்கரில் தகரக் கூரையில் மழை பெய்வதுபோல ஓர் இரைச்சலைப் போட்டுவிடுவார்கள், எங்கள் காதில் ஒன்றும் விழக்கூடாது என்று. எதிர்த்தரப்பு வக்கீல் எழுந்து ஆட்சேபிக்கும் முன்பே நீதிபதி அரசு வக்கீலைக் கூப்பிட்டு அந்த மழையைப் போட்டுவிடுவார், திரும்பி வரும்போது வக்கீல் முகம் தொங்கிப்போயிருக்கும். டிபென்ஸ் வக்கீலாக இருந்தவர் போல என்று நாங்கள் நினைத்துக்கொண்டோம். தீர்ப்பு சொன்ன பிறகு நன்றி சொல்ல ஜூரி அறைக்கு வந்தார், பேச்சுவாக்கில் தான் எட்டு வருடம் பிராசிக்யூட்டர் என்றார். அந்தக் குறுக்கு வழியெல்லாம் அவருக்கு அத்துப்படி.

அதற்காகப் பயமே வேண்டாம் என்று சொல்லவரவில்லை. பயப்படவேண்டிய இடம் வேறு: தானே கையெழுத்துப் போட்ட கேஸ் தன் மேஜைக்கே வருவது. பென்சில்வேனியாவில் நடந்தது இது, அங்கே நீதிபதிகளைத் தேர்தலில் தேர்ந்தெடுக்கிறார்கள். ரொனால்ட் காஸ்டீல் 1986-ல் பிலடெல்பியா மாவட்ட அட்டர்னியாக ஒரு கேஸில் மரண தண்டனை கேட்க அனுமதி எழுதிக் கொடுத்தார். 45 பேரை மரண தண்டனைக்கு அனுப்பினேன் என்று சொல்லித்தான் பிற்பாடு நீதிபதி தேர்தலில் நின்றார். 2014-ல் மாநிலத் தலைமை நீதிபதியாக அவர் இருக்கும்போது அதே கைதியின் வழக்கு வந்தது. விலகுங்கள் என்று கேட்டார்கள், விலகவில்லை, கீழ்க் கோர்ட் ரத்து செய்திருந்த மரண தண்டனையைத் திரும்பக் கொண்டுவந்த தீர்ப்பில் அவரும் சேர்ந்துகொண்டார். ஃபெடரல் கோர்ட்டில் இப்படிப்பட்ட கேஸில் உட்காரக்கூடாது என்று சட்டமே இருக்கிறது, மாநில கோர்ட்டை அது கட்டுப்படுத்தாது. அதனால் அமெரிக்க உச்ச நீதிமன்றம் 2016-ல் சாசனத்தைக் காட்டி 5-3 என்று அந்தத் தீர்ப்பைத் தள்ளியது. சோட்டோமேயர் அந்த ஐந்தில், அலிட்டோ அந்த மூன்றில்.