அம்மோனியா கூடினால் மூளை பாதித்துவிட்டது என்று பொருளா?

கேள்வி: குடியாத்தத்தில் வசிக்கிறோம். கல்லீரல் சுருக்க நோய்க்கு மருந்து சாப்பிட்டுவரும் என் அப்பா, சில வாரங்களாகப் பகலில் தூங்கி இரவில் விழித்திருக்கிறார். தறிக் கணக்கு எழுதுவதில் தடுமாறுகிறார். ரத்தத்தில் அம்மோனியா கூடுதல் என்கிறார்கள். மாதந்தோறும் அதைப் பார்க்க வேண்டுமா? பருப்பையும் முட்டையையும் நிறுத்திவிட்டோம்.

பதில்: நான் முதலில் பொருட்படுத்துவது தூக்கம் தலைகீழானதையும் கணக்குத் தடுமாற்றத்தையும்தான்; அம்மோனியா அளவு அதற்கு அடுத்ததே. குடலில் உண்டாகும் அம்மோனியாவை யூரியாவாக மாற்ற வேண்டிய கல்லீரல் நலிந்துவிட்டால், அது மூளையை எட்டி இத்தகைய மாற்றங்களை உண்டாக்குகிறது; இதைக் கல்லீரல்சார் மூளைப் பாதிப்பு (ஹெபாட்டிக் என்செபலோபதி) என்பார்கள். ஆயினும், கையை இறுகக் கட்டி ரத்தம் எடுத்தாலோ, எடுத்ததைப் பனிக்கட்டியில் வைக்காமல் தாமதமாக ஆய்வுக்கு அனுப்பினாலோ அளவு பொய்யாகக் கூடிக் காட்டும். எனவே அளவு கூடியிருப்பது மட்டும் நோயை உறுதி செய்யாது. குழப்பத்தில் இருப்பவருக்கு அது இயல்பாக இருந்தால்தான், வேறு காரணத்தைத் தேட வேண்டும் என்று மருத்துவருக்கு உணர்த்துகிறது. மாதாந்திரப் பரிசோதனை தேவையில்லை.

நோயைக் கண்டறிவது நேரில் பரிசோதித்துத்தான். இரு கைகளையும் நீட்டி, மணிக்கட்டை மேல்நோக்கி மடக்கி, விரல்களை விரிக்கச் சொன்னால் கைகள் இறக்கை அடிப்பதுபோல் விட்டுவிட்டுத் தொய்யும். சிறுநீரகச் செயலிழப்பிலும் இது வரக்கூடும் என்பதால் தனிச் சான்றாகாது. தொடக்கநிலைத் தடுமாற்றத்தைப் பிடிக்க எளிய சோதனை ஒன்று உண்டு: ஒரு நிமிடத்தில் எத்தனை விலங்குகளின் பெயரைச் சொல்கிறார் என்று எண்ணுவது. பத்துக்கும் குறைந்தால் ஐயம் வலுக்கும். வயதையும் படிப்பையும் கருத்தில் கொள்ள வேண்டும். பேரப்பிள்ளைகள் பக்கத்தில் நின்று எடுத்துக்கொடுக்கக் கூடாது என்பதையும் சொல்லிவிடுகிறேன்.

அடுத்து, இதே குழப்பத்தை உண்டாக்கும் பிறவற்றை விலக்க வேண்டும்: ரத்தச் சர்க்கரை, சோடியம், சிறுநீரகச் செயல்பாட்டைக் காட்டும் கிரியாட்டினின் ஆகியவற்றைப் பார்ப்பார்கள், வயிற்றில் நீர் கோத்திருந்தால் ஊசியால் எடுத்து, ஒரு கன மில்லிமீட்டரில் நியூட்ரோபில் எனும் வெள்ளை அணுக்கள் 250 அல்லது அதற்கு மேல் உள்ளனவா என்று ஆராய்வார்கள், ஏனெனில் அது கிருமித்தொற்றைக் குறிக்கும். அண்மையில் கீழே விழுந்திருந்தால் தலைக்கு சி.டி. ஸ்கேன் அவசியம், அது மூளையைச் சுற்றிய ரத்தக்கசிவைக் காட்டும். மதுப்பழக்கம் இருந்தவர் என்றால் தயமின் (வைட்டமின் பி1) குறைபாட்டையும் கருத வேண்டும்.

தூண்டிய காரணத்தைக் கண்டுபிடிப்பதே பாதி சிகிச்சை. மலச்சிக்கல், கறுத்த மலம் (உள்ளே ரத்தம் கசிவதன் அறிகுறி), நீர் பிரியும் மாத்திரையின் மிகுதி, அத்துடன் நம் பகுதியில் அக்னி நட்சத்திர வெயிலில் உடல் வறளுவது ஆகியவற்றைக் கவனித்து மருத்துவரிடம் சொல்லுங்கள். இரவில் விழித்திருக்கிறாரே என்று மருந்துக்கடையில் தூக்க மாத்திரை வாங்கிக் கொடுத்துவிடாதீர்கள். நிலைமையை அது விரைவில் மோசமாக்கும். மலத்தை இளக்கும் லாக்டுலோஸ் சிரப்பை, நாளுக்கு இரண்டு அல்லது மூன்று முறை இளகிய மலம் போகும் அளவுக்கு மருத்துவர் சரிசெய்வார். அதில் தெளிவு திரும்பினால் நோயறிதல் வலுப்பெறும்.

இந்த வாரமே வேலூர் சிஎம்சி மருத்துவமனையின் கல்லீரல் பிரிவிலோ அடுக்கம்பாறை அரசு மருத்துவமனையிலோ காட்டுங்கள். எழுப்பினாலும் விழிக்காமல் மயங்கினாலோ, ரத்த வாந்தி எடுத்தாலோ, இரவானாலும் காத்திராமல் அருகிலுள்ள அவசரப் பிரிவுக்குச் செல்லுங்கள். மருத்துவர் பார்த்துச் சொல்லும்வரை அப்பா வண்டி ஓட்ட வேண்டாம்.

பருப்பையும் முட்டையையும் மீண்டும் தொடங்குங்கள். புரதத்தைக் குறைத்தால் தசை தேயும், தசையும் அம்மோனியாவை அகற்ற உதவுகிறது. படுக்குமுன் சிறிது சிற்றுண்டியும் கொடுங்கள்.