தண்ணி எதுவரைக்கும் வந்துருக்காம்?

கேள்வி: என் கவிதைல வயல், வரப்பு, காவிரி எல்லாம் இருக்கு. ஆனா அதுல பேசுறவ எந்த ஊர்க்காரின்னே தெரியலன்னு தோழி சொல்றா. என்ன தப்பு?
– வாசகி, மன்னார்குடி

பதில்: அனுப்புன கவிதைய நாலு தடவ படிச்சேன்மா. தலைஞாயிறு பக்கம்னு தலைப்புல போட்டுட்டு முதல் வரிலயே "காவிரித் தாயே"ன்னு கூப்புட வச்சிட்டீங்க. ஆத்துத் தண்ணி கடைசியா வந்து சேர்ற கடைமடைல நாத்து விட்டுட்டு ஒக்காந்துருக்கவ அப்படியா கூப்புடுவா? "தண்ணி எதுவரைக்கும் வந்துருக்காம்?"னுதான் கேப்பா. ஜூன் 12 மேட்டூர் தொறந்தாச்சுன்னு டிவில சொன்னாலும் அது கல்லணை வந்து, வெண்ணாத்துல பிரிஞ்சு, வாய்க்கா வாய்க்காவா எறங்கி இவ வயலுக்கு வர நாளாகும், சில வருஷம் வராமலே போயிடும். தண்ணி முன்னாடியே வந்துடுற திருவையாறு பக்கத்துக்காரியும் டெல்டாதான், ஆனா அவ பேச்சுல இந்த சந்தேகம் இருக்காது. இவ எதுக்குமே "வந்தா பாப்போம்"பா, வெளிநாடு போன புருஷன் எப்ப வர்றாருன்னு கேட்டாலும் அதே "வந்தா பாப்போம்"தான். எனக்கு உங்க கவிதை அங்கதான் ஆரம்பிக்குது.

குறுந்தொகை 8ஆம் பாட்ட எடுத்துப் படிங்க, ஆலங்குடி வங்கனார் பாட்டு. வயலோரத்து மாம்பழம் தானா கனிஞ்சு விழுது, கொளத்து வாளை மீன் கவ்வுது, அப்படிப்பட்ட ஊர்க்காரன்னு பரத்தை, அதான் அவன் பொண்டாட்டிய விட்டுட்டுத் தேடிப் போறவ, சொல்றா. நான் தேடிப் போகல, அவனாத்தான் வந்தான்னு ஒரு வார்த்த கூட அவ வாயத் தொறந்து சொல்லல, மீன வச்சே சொல்லிட்டா! அதே ஆளு வீட்டுல பொண்டாட்டி முன்னாடி கண்ணாடில தெரியுற பொம்ம மாதிரி கையக் கால தூக்குறான்னு ஒரு குத்து வேற. வயலும் கொளமும் மாமரமும் ஒண்ணா இருக்குற ஊர்ல வளந்தவளுக்குத்தான் இந்த வாய் வரும், மலைல இருக்கவ வேற எதையாவது எடுத்துருப்பா.

அப்புறம் மாசத்த முடிவு பண்ணுங்க. ஐப்பசி மழைல முழுகுன நாத்தப் பாத்துட்டு நிக்கிறவளும் தைல அறுப்பு மெஷினுக்கு அலையுறவளும் ஒரே மாதிரி பேச மாட்டாங்க. "பசுமை"ங்கிற வார்த்த மூணு எடத்துல வருது, மூணையும் எடுத்துடுங்க.

கேள்வி: டவுன்ல வளந்தவன், வயல்ல எறங்குனதே இல்ல. டெல்டா பத்தி எழுதலாமா?
– வாசகர், கும்பகோணம்

பதில்: தாராளமா எழுதுங்க தம்பி. நடவு நடுறவ வாயில மட்டும் இப்ப பேச வேணாம். அரசலாத்துப் பாலத்துல பஸ் போறப்ப கீழ தண்ணி தெரியுதா மணல் தெரியுதான்னு எட்டிப் பாப்பீங்கல்ல, அந்த ஜன்னல் சீட்டுலேர்ந்து பேசுங்க.